அடிமைகளின் இசையும் ஒரு தமிழ் மாணவரும்

நம் சபைகளில் ‘ஐயர்’ என்னும் சொல்லுக்குத் தனிப்பொருள் உண்டு. 1858-இல் சிவகாசியில் உயிர்நீத்த ராக்லந்து மிஷனெரியை நம் முன்னோர் ராக்லந்து ஐயர் என்றே அழைத்தனர். இன்றும் நம் பகுதிச் சிற்றூர்களில் குருவானவரைத் தேடி வருவோர், ‘ஐயர் வீடு எது?’ என்றே வழி கேட்கின்றனர். ஆகவே சுந்தரபாண்டியத்தில் நாம் ‘விஜய் ஐயர்’ என்று ஒருவர் பெயரைச் சொன்னபோது, உடனிருந்த சபை மூப்பர் ஒருவர், ‘அவர் எந்தப் பேராயத்துக் குருவானவர்?’ என்று கேட்டதில் வியப்பில்லை.

இவர் குருவானவர் அல்லர். திருச்சபை ஊழியரும் அல்லர். அமெரிக்காவில் குடியேறிய தமிழ்ப் பெற்றோருக்கு 1971-இல் பிறந்தவர். ஜாஸ் எனப்படும் இசைமரபில் இன்று உலகளவில் மதிக்கப்படும் பியானோக் கலைஞர். இறையியல் ஏட்டில் இவரைப் பற்றி எழுதுவது ஏன் என்னும் வினா எழலாம். ஜாஸ், அடிமைகளாக விற்கப்பட்ட மக்களின் வழிவந்தோர் படைத்த இசை. கல்வியாலும் குடிப்பெயராலும் மேலிடத்தில் வைக்கப்படும் ஒரு தமிழர், அம்மக்களின் காலடியில் மாணவராக அமர்ந்து அவ்விசையைக் கற்றார். கற்பிப்பதற்கென்றே அருட்பொழிவு பெற்றதாக எண்ணும் நமக்கு, இவ்வாழ்க்கை ஒரு வினாவை விடுக்கிறது. அவ்வினாவை அடையுமுன் அவ்விசையின் பிறப்பையும் இயல்பையும் சுருக்கமாகக் காண்போம்.

ஜாஸ் பிறந்த களம்

1619-இல் வர்ஜீனியாக் கரையில் ஆப்பிரிக்க மக்கள் விற்பனைக்கு இறக்கப்பட்டனர். 1865-இல் அரசியல் சட்டத் திருத்தம் அடிமைமுறையை ஒழிக்கும்வரை, ஏறத்தாழ இரண்டரை நூற்றாண்டுகள் அவர்கள் உழைப்பும் உடலும் பிறர் உடைமையாயிருந்தன. 1739-இல் தென் கரோலினாவில் அடிமைகள் கிளர்ந்தெழுந்தபோது முரசொலியே அவர்களை ஒன்றுதிரட்டிற்று. ஆகவே மறு ஆண்டில் இயற்றப்பட்ட சட்டம், அடிமைகள் முரசு வைத்திருப்பதையும் தடைசெய்தது. முரசு பறிக்கப்பட்ட மக்கள் கையையும் காலையும் முரசாக்கினர். கைதட்டியும் தரையை மிதித்தும் வட்டமாகச் சுற்றி வந்து இறைவனைப் பாடினர்.

ஆண்டைகள் அவர்களுக்கு அறிவித்த வேதத்தில், அடங்கி நடக்கச் சொல்லும் பகுதிகளே மிகுதி. அவர்களோ அவ்வேதத்திலிருந்தே மோசேயையும் செங்கடலையும், சிங்கக் கெபியிலிருந்த தானியேலையும் கண்டுகொண்டனர். ஆன்மிகப் பாடல்கள் என நாம் வழங்கும் அவர்தம் பாடல்கள் அங்ஙனம் எழுந்தவை. 1871-இல் நாஷ்வில் நகரத்து ஃபிஸ்க் கல்லூரி மாணவர் குழு இப்பாடல்களை ஊரூராகப் பாடி உலகறியச் செய்தது. அக்கல்லூரியை நிறுவிய அமெரிக்க மிஷனெரி சங்கத்தின் வரலாறு நாம் அறிய வேண்டியதொன்று. 1834-இல் மதுரை மிஷனைத் தொடங்கிய அமெரிக்கன் போர்டு, அடிமைமுறையை எதிர்த்துத் தெளிவாகப் பேசத் தயங்கியது. அத்தயக்கத்தைப் பொறாத கிறிஸ்தவர்கள் 1846-இல் அமைத்த சங்கமே இது. மதுரை மிஷனின் வழிவந்த சபையார் இதனை மறத்தல் ஆகாது.

விடுதலைக்குப் பின்னும் துயர் தீரவில்லை. வேலையின்மை, பிரிவு, மரத்தில் தூக்கிலிடும் கும்பல் கொலை ஆகியவற்றைப் பாடிய தனிக்குரல் பாடல்கள் ‘புளூஸ்’ எனப்பட்டன. கறுப்பின இறையியலாளர் ஜேம்ஸ் கோன் 1972-இல் வெளியிட்ட நூலில், ஆன்மிகப் பாடலும் புளூஸும் ஒரே மண்ணில் விளைந்தவை என்று நிறுவினார். இவ்விரண்டும் ஊர்வல வாத்திய இசையும் நடன இசையும் கலந்து, இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நியூ ஆர்லியன்ஸ் முதலிய நகரங்களில் உருவானதே ஜாஸ்.

இவ்விசை நம் நாட்டுக்குப் புதிதன்று. சிகாகோவில் புகழ்பெற்ற டெடி வெதர்போர்டு என்னும் கறுப்பினப் பியானோக் கலைஞர் 1926-இல் ஆசியாவுக்குப் புறப்பட்டார். ஷாங்காயில் பல ஆண்டுகள் வாசித்தபின் பம்பாய் தாஜ்மகால் ஓட்டலிலும், போர்க்காலத்தில் கல்கத்தா கிராண்ட் ஓட்டலிலும் குழு நடத்தினார். 1945 ஏப்ரலில் கல்கத்தாவில் காலராவால் இறந்தபோது அவருக்கு வயது 41. தம் நாட்டில் நிறத்தால் ஒதுக்கப்பட்ட அக்கலைஞர், மாநகர ஓட்டல்களில் செல்வரை மகிழ்வித்து, நம் மண்ணிலேயே துயில் கொண்டார்.

பியானோவின் எல்லையும் அதை மீறிய கைகளும்

ஜாஸ் கேட்டறியாத வாசகருக்கு அதன் முறையைச் சொல்லுதல் வேண்டும். முதலில் ஒரு மெட்டைக் குழுவினர் சேர்ந்து வாசிப்பர். நம் பாடகர் குழுவில் நால்வகைக் குரல்கள் ஒருங்கே ஒலிக்கும்போது ஒரு சுரக்கூட்டு உண்டாகிறதன்றோ? அத்தகைய சுரக்கூட்டுகளின் வரிசை ஒன்று அம்மெட்டின் அடியில் ஓடிக்கொண்டிருக்கும். அவ்வரிசையை அடித்தளமாக வைத்து ஒவ்வொரு கலைஞரும் அந்நேரத்திலேயே புது மெட்டுகளைப் புனைவார். கருநாடக இசையில் நிரவலும் கற்பனைச்சுரமும் பாடுவோர் செய்வதற்கு இது ஒருவகையில் நிகரானது. ஒருவர் புனைகையில் மற்றவர் செவிமடுத்து மறுமொழி வாசிப்பர். பிரசங்கியார் ஒரு சொல் சொல்ல, சபையார் உரத்து மறுமொழி கூறும் கறுப்பினச் சபை வழிபாட்டின் சாயல் இது.

தாளத்திலும் வேறுபாடு உண்டு. நான்கு தட்டுடைய நம் பாமாலைப் பாட்டில் முதல் தட்டும் மூன்றாம் தட்டும் அழுத்தம் பெறும். கறுப்பின மக்கள் இரண்டாம் தட்டிலும் நான்காம் தட்டிலும் கைதட்டுவர். அழுத்தம் அவ்வாறு இடம் மாறியதும், அமர்ந்திருப்பவர் உடலும் தானே அசையத் தொடங்கும்.

பியானோவுக்கு ஓர் இடர்ப்பாடு உண்டு. அதன் சுரங்கள் பன்னிரண்டு கட்டைகளில் நிலைநிறுத்தப்பட்டவை. இரு சுரங்களுக்கிடையே வழுக்கிச் செல்லவோ, கமகம் பிடிக்கவோ, புளூஸ் பாடகர் செய்வதுபோல் மூன்றாம் சுரத்தைச் சற்றே தாழ்த்தி அழவைக்கவோ அதனால் இயலாது. கறுப்பினக் கலைஞர்கள் அதற்கொரு வழி கண்டனர். அடுத்தடுத்த இரு கட்டைகளை ஒருங்கே அழுத்தி, இல்லாத சுரம் இரண்டுக்கும் நடுவே ஒலிப்பதுபோல் தோன்றச் செய்தனர். ஐரோப்பிய வரவேற்பறைக்கென ஆக்கப்பட்ட கருவி, அடிமைகளின் பேரப்பிள்ளைகள் கையில் அவர்தம் குரலைப் பேசலாயிற்று.

இதில் தலைசிறந்தவர்களுள் ஒருவர் தெலோனியஸ் மங்க் (1917-1982). இவர் இளமையில் ஒரு சுவிசேஷகருடன் ஊரூராகச் சென்று, எழுப்புதல் கூட்டங்களில் இசைக்கருவி வாசித்தவர். 1957-இல் பதிவு செய்த தம் இசைத்தட்டின் தொடக்கத்தில், நம் பாமாலையிலும் இடம்பெற்றுள்ள லைட் போதகரின் மாலைப் பாட்டை வைத்தார். அதில் மங்க் பியானோவைத் தொடவேயில்லை. நான்கு ஊதுகருவிகள் மட்டும் ஒரு நிமிடத்துக்கும் குறைவாக அதனை வாசித்து முடிக்கின்றன. அடக்க ஆராதனைகளில் நாம் பன்முறை பாடிய பாட்டு அவ்விசையின் வாயிற்படியில் நிற்பது நம் சிந்தனைக்குரியது. விஜய் ஐயர் தமக்கு வழிகாட்டிய பியானோக் கலைஞருள் இந்த மங்க்கை முதன்மையானவராகக் கொள்கிறார்.

மாணவரின் வாழ்க்கை

விஜய் ஐயர் நியூயார்க் மாநிலத்து ஆல்பனியில் பிறந்து, ராச்சஸ்டர் நகரையடுத்த ஃபேர்போர்ட்டில் வளர்ந்தார். மூன்றாம் வயதில் வயலின் கற்கத் தொடங்கி, பதினைந்து ஆண்டுகள் மேலை மரபில் முறையாகப் பயின்றார். பியானோவோ முறையாகப் பயின்றதன்று. வீட்டிலிருந்த பியானோவில், கேட்டதைத் தாமே தேடித்தேடி வாசித்துப் பழகினார். ஆசிரியர் சொற்படி ஒரு கருவி, செவி சொற்படி மற்றொரு கருவி என அவர் இளமை கழிந்தது.

ஏல் பல்கலைக்கழகத்தில் கணிதமும் இயற்பியலும் பயின்று பட்டம் பெற்றபின், பெர்க்லி நகரத்துக் கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தில் இயற்பியல் ஆய்வு மாணவராகச் சேர்ந்தார். புலம்பெயர்ந்த குடும்பங்கள் தம் பிள்ளைகளுக்கு விரும்பும் பாதை அதுவே. அருகிலிருந்த ஓக்லந்து நகரத்தில் கறுப்பின மூத்த கலைஞரோடு அமர்ந்து வாசிக்கும் வாய்ப்பு அவருக்குக் கிட்டியது. சாக்சபோன் கலைஞர் ஸ்டீவ் கோல்மன், டிராம்போன் கலைஞரும் ஆய்வாளருமான ஜார்ஜ் லூயிஸ் ஆகியோர் அவரைத் தம்முடன் சேர்த்துக்கொண்டனர். இவர் இயற்பியலை விடுத்து இசையையும் மனித அறிதலையும் இணைத்து ஆராய்ந்து, 1998-இல் முனைவர் பட்டம் பெற்றார். முதல் இசைத்தட்டு 1995-இல் வந்தது. 2009-இல் வந்த ‘ஹிஸ்டாரிசிட்டி’ அவர் பெயரைப் பரவச் செய்தது. ஈழத்தமிழ் வேர் கொண்ட பாடகி மாயா அருள்பிரகாசத்தின் ஒரு பாட்டும் அதில் பியானோ வடிவம் பெற்றுள்ளது. 2013-இல் மக்ஆர்தர் நல்கையும், 2014-இல் ஹார்வர்டு பல்கலைக்கழகப் பேராசிரியர் பதவியும் அவரை வந்தடைந்தன.

தமிழ் மரபை அவர் விட்டுவிடவில்லை. கித்தாரில் கருநாடக இசை வாசிக்கும் பிரசன்னாவோடும் தபலாக் கலைஞர் நிதின் மித்தாவோடும் சேர்ந்து, 2011-இல் ‘தீர்த்தா’ என்னும் இசைத்தட்டை வெளியிட்டார். பியானோவில் கமகத்தைப் போலிசெய்ய முயலாமல், தாளக்கணக்குகளை அம்மரபிலிருந்து எடுத்துக்கொண்டார். தாம் சேர்ந்துள்ள இசை கறுப்பின மக்களின் படைப்பு என்பதையும், தாம் அதில் விருந்தினராகவும் மாணவராகவும் நுழைந்தவர் என்பதையும் அவர் எங்கும் மறைப்பதில்லை. ‘ஜாஸ்’ என்பது வெளியார் சூட்டிய பெயர் என்று அம்மரபின் பெரியோர் பலர் வெறுத்ததால், அச்சொல்லையும் தயக்கத்துடனேயே கையாளுகிறார்.

2014-இல் ஏல் பல்கலைக்கழகத்தின் ஆசிய வமிசப் பழைய மாணவர் கூட்டத்தில் அவர் ஆற்றிய உரை குறிப்பிடத்தக்கது. வெற்றிபெற்ற ஆசியர், அநீதியான ஓர் அமைப்பின் பயன்களைத் துய்த்துக்கொண்டு அதற்கு உடந்தையாயிருத்தல் தகுமோ என்று அவர் வினவினார். இவ்வினாவுக்கு வரலாற்றுப் பின்னணி உண்டு. கறுப்பின மக்கள் அடிபட்டும் சிறைப்பட்டும் நடத்திய போராட்டத்தால் 1964-இல் குடியுரிமைச் சட்டம் பிறந்தது. அதே காற்றில்தான் 1965-இல் குடியேற்றச் சட்டமும் திருத்தப்பட்டு, ஆசியருக்குக் கதவு அகலத் திறந்தது. அக்கதவின் வழியே நுழைந்தோர் தம் வெற்றியைத் தம் அறிவின் பயனாக மட்டும் கருதுவது நன்றி மறத்தல் ஆகும்.

தாளம் குடியிருக்கும் உடல்

அவருடைய ஆய்வின் மையக் கருத்தை எளிதாகச் சொல்லலாம். இசையை அறிவது மூளை மட்டுமன்று, முழு உடலும் சேர்ந்தே அறிகிறது என்பதே அது. நீண்ட இசைத்தொடர் மூச்சின் அளவை ஒட்டியது. தாளத்தின் நடை கால் நடையின் வேகத்தை ஒட்டியது. விரைவான சுரங்கள் பேச்சின் வேகத்தையும் விரலின் வேகத்தையும் ஒட்டியவை. ஆப்பிரிக்க அமெரிக்க இசையில் கைதட்டு, கணக்குப்படி விழவேண்டிய நொடியைவிட அணுவளவு பிந்தி விழுவதுண்டு. இது பிழையன்று, கால் மிதித்துக் கை தட்டும் உடலின் இயல்பு அங்கே ஒலிக்கிறது என்று அவர் விளக்குகிறார்.

சுந்தரபாண்டியத்து நெசவாளர் வீட்டில் குழித்தறியின் அருகே நின்றவர்க்கு இதனை விளக்க வேண்டியதில்லை. கால் மிதியை அழுத்துகிறது. கை நாடாவை ஓட்டுகிறது. மறுகை பலகையை இழுத்து அடிக்கிறது. மூன்று ஓசைகளும் சேர்ந்து ஒரு நடையாகின்றன. பழகிய நெசவாளர் எண்ணிக்கொண்டு நெய்வதில்லை. கணக்கு அவர் உடலில் குடியிருக்கிறது. கண்ணை மூடிக் கேட்டாலே நெய்பவர் முதியவரா இளையவரா என்று சொல்லிவிடலாம்.

வார்த்தையானவர் மாம்சமானதை அறிக்கையிடும் சபைக்கு இக்கருத்து அயலானதாகாது. ஆயினும் நாம் உடலை ஐயத்துடன் நோக்கியே வழிபாட்டை அமைத்துக்கொண்டோம். அசையாமல் நிற்பது பக்தி எனவும், தாளத்துக்கு அசைவது அடக்கமின்மை எனவும் கற்பித்தோம். அண்மைக் காலத்தில் அதற்கு நேர்மாறான தவற்றிலும் விழுந்துள்ளோம். மின்விசைப் பலகையில் ஒரு பொத்தானை அழுத்தினால் தாளம் தானே ஓடுகிறது. அத்தாளத்துக்கு மூச்சில்லை, முதியோர் பாடலில் பின்தங்கினால் அது காத்திருப்பதில்லை, துக்க வீட்டிலும் திருமண வீட்டிலும் ஒரே முகத்துடன் ஒலிக்கிறது. முன்னே சபையார் ஒருவரையொருவர் கேட்டுப் பாடினர். இப்போது எல்லாரும் பொறியைப் பின்தொடர்கின்றனர். இசையில் உடலுண்டு என்று ஓர் இயற்பியல் மாணவர் நிறுவ வேண்டியிருந்தது நமக்கு நாணம் தருவதாகும்.

எந்த மொழியில்?

விஜய் ஐயரின் படைப்புகளுள் சில நேரடியாகப் பிறர் துயரைச் செவிமடுத்து எழுந்தவை. 2001-இல் ஈரானியத் திரைப்பட இயக்குநர் ஜாஃபர் பனாஹி, நியூயார்க் விமான நிலையத்தில் விமானம் மாறுகையில் கைரேகை தர மறுத்ததால் விலங்கிடப்பட்டார். தாம் திருடரல்லர் என்பதைச் சக பயணியருக்கு எந்த மொழியில் விளக்குவது என்று அவர் கலங்கியதிலிருந்து, ‘எந்த மொழியில்?’ எனப் பொருள்படும் தலைப்புடைய படைப்பு 2003-இல் பிறந்தது. கவிஞர் மைக் லேடுடன் சேர்ந்து ஆக்கிய இப்படைப்பில், விமான நிலையங்களில் ஐயத்துக்குள்ளாகும் கறுத்த, பழுத்த நிற மக்களின் குரல்கள் ஒலிக்கின்றன.

பத்தாண்டுகள் கழித்து அவ்விருவரும், ஈராக்கிலும் ஆப்கானித்தானத்திலும் போரிட்டுத் திரும்பிய வெள்ளையரல்லாத படைவீரரின் கனவுகளைக் கேட்டுத் தொகுத்து இசையாக்கினர். அவ்வீரருள் இருவர் தாமே மேடையேறித் தம் சொற்களைச் சொல்லினர். 2021-இல் வந்த ‘அனீசி’ இசைத்தட்டில், மிச்சிகன் மாநிலத்து ஃபிளின்ட் நகரில் நஞ்சேறிய குழாய்நீரைக் குடித்த பிள்ளைகளை நினைக்கும் உருப்படி ஒன்றும், மூச்சு மறுக்கப்பட்டு இறந்த கறுப்பின மக்களுக்காக எழுந்த போராட்டத்தோடு ஒன்றிய உருப்படி ஒன்றும் உள்ளன. 2024-இல் வந்த ‘கம்பாஷன்’ இசைத்தட்டில், 1955-இல் பதினான்கு வயதில் கொல்லப்பட்ட எம்மட் டில் என்னும் சிறுவனின் நினைவும், பேராயர் டெஸ்மண்ட் டுட்டுவின் நினைவும் இடம்பெற்றுள்ளன. சொல்லில்லாத பியானோ ஒலி ஒருவருக்கு எப்படி அஞ்சலியாகும் என்று சிலர் வினவலாம். அன்னாள் உதடு மட்டும் அசைய மன்றாடியதை நாம் வாசித்திருக்கிறோம். ஏலி அதனை வெறியென்று தவறாக எண்ணினார். குருவானவர்க்கு அப்பிழை இன்றும் நேரக்கூடியதே.

அப்பொல்லோவும் கூடாரத் தொழிலாளரும்

அப்போஸ்தலர் நடபடிகள் 18-ஆம் அதிகாரத்தில் அப்பொல்லோவைக் காண்கிறோம். அலெக்சந்திரியாவில் பிறந்தவர், நாவன்மை உடையவர், வேதாகமத்தில் வல்லவர். எபேசு ஜெப ஆலயத்தில் அவர் பேசியதைக் கூடாரத் தொழிலாளராகிய ஆக்கில்லாவும் பிரிஸ்கில்லாளும் கேட்டனர். அவர் அறிவில் குறையொன்று இருப்பதைக் கண்டு, அவரைத் தம்மிடம் சேர்த்துக்கொண்டு, தேவனுடைய மார்க்கத்தை இன்னும் செம்மையாக விளக்கினர். அப்பொல்லோ சினங்கொண்டதாக லூக்கா எழுதவில்லை. கைத்தொழில் செய்வோரிடம், அதிலும் ஒரு பெண்மணியிடம், அவர் கற்றார். கற்றபின் அகாயாவிலே சபைக்கு மிகவும் உதவினார்.

விஜய் ஐயரின் வாழ்வில் இவ்வடிவத்தையே நாம் காண்கிறோம். ‘ஐயர்’ என்பது தமிழகத்தில் ஒரு சாதியின் பட்டம். இசையறிவு தங்கள் உடைமை என்று நெடுங்காலம் எண்ணியிருந்த குலங்களுள் அதுவும் ஒன்று. அப்பட்டத்தைப் பெயரில் தாங்கிய ஒருவர், முரசு பறிக்கப்பட்ட மக்களின் பேரப்பிள்ளைகளிடம் தாளம் கற்றார். அவ்வாறாயின், அதே சொல்லைச் சபையில் பட்டமாகச் சூடியுள்ள நாம் யாரிடம் கற்றோம்?

இங்கே நம் பிழையொன்றை அறிக்கையிட வேண்டும். ஏறத்தாழ முப்பது ஆண்டுகளுக்கு முன், ஊழியத்தில் புதியவராயிருந்த காலத்தில், ஒரு சிற்றூர்ச் சபையில் முதியவர் ஒருவரை அடக்கம் செய்யச் சென்றோம். அவர் வாழ்நாளெல்லாம் பறை வாசித்தவர். பிள்ளைகள் பறையைக் காய்ச்சி ஆயத்தமாய் வைத்திருந்தனர். ‘இது கிறிஸ்தவ அடக்கம், மேளம் வேண்டாம்’ என்று நாம் தடுத்தோம். அவர்கள் எதிர்த்துப் பேசவில்லை. பறையைச் சுவரோரம் சாய்த்து வைத்தனர். ஆர்மோனியத்துடன் பாமாலைப் பாடி ஆராதனையை முடித்தோம். திரும்பும் வழியில் மூத்த மகன் நம்மிடம் வந்து, ‘ஐயரே, ஒங்க பாஷையில நீங்க பாடிட்டீங்க. எங்கய்யா பாஷையில யாரு பாடுறது?’ என்றார். அன்று நம்மிடம் மறுமொழி இல்லை. இவ்விசைத்தட்டின் தலைப்பைப் பல ஆண்டுகள் கழித்து அறிந்தபோது அம்மகனின் முகமே நம் கண்முன் நின்றது.

பறையைப் பற்றி எளிதாய்ப் பேசிவிடலாகாது. ஊராரின் சாவுக்குப் பறை அடிக்க வேண்டுமென்று கட்டாயப்படுத்தப்பட்ட மக்கள், அவ்வேலையை மறுத்துக் கிறிஸ்துவிடம் வந்தது மெய்யான விடுதலையாகும். அவர்களுள் பலருக்குப் பறையின் ஓசை இன்றும் காயத்தைத் தொடும் ஓசையே. கறுப்பினச் சபைகளிலும் புளூஸ் பிசாசின் பாட்டென்று விலக்கப்பட்டது. கட்டாயத்தின் கீழ் வாசிப்பது ஒன்று. தன் இறைவனுக்கும் தன் தகப்பனுக்கும் விருப்பத்தோடு வாசிப்பது மற்றொன்று. இவ்விரண்டில் எது எங்கே தகும் என்று தீர்மானிக்கும் உரிமை அவ்வாத்தியத்துக்குரிய மக்களுடையது. நாம் செய்த பிழை, கேட்காமல் கட்டளையிட்டதேயாகும்.

இப்பாடத்தை நமக்கு முன்பே கற்பித்தவர் ஒருவர் உண்டு. மதுரைத் தமிழ்நாடு இறையியல் கல்லூரியில் பணியாற்றிய தியோபிலஸ் அப்பாவு போதகர் (1940-2005), நாட்டுப்புற மெட்டுகளையும் கருவிகளையும் வழிபாட்டுக்குள் கொணர்ந்தார். கருநாடக மெட்டும் மேலைநாட்டு மெட்டும் மட்டுமே தூயவை என்னும் எண்ணத்துக்குள் சாதி ஒளிந்திருப்பதை அவர் சுட்டினார். ‘பரட்டை’ என்ற பெயரில் அவர் ஆக்கிய பாடல்களை நம்மில் பலர் மாணவப் பருவத்தில் பாடினோம். சபைக்கு வந்ததும் வைத்துவிட்டோம்.

தடைகளும் கடமைகளும்

குடிவிடுதியிலும் நடனக்கூடத்திலும் வளர்ந்த இசையில் சபைக்கு என்ன பங்கு என்பர் சிலர். அவ்விடங்களில் அது வளர்ந்தது உண்மையே. கறுப்பினக் கலைஞருக்கு வேறு மேடைகளின் வாயில்கள் அடைக்கப்பட்டிருந்ததும் உண்மை. புளூஸ் பியானோ வாசித்த தாமஸ் டார்சி, 1932-இல் மனைவியையும் பிறந்த குழந்தையையும் இழந்த துயரில் எழுதிய கரம்பிடித்து நடத்தும்படியான மன்றாட்டு, இன்று உலகச் சபைகளெங்கும் பாடப்படுகிறது. பியானோக் கலைஞர் டியூக் எலிங்டன் 1965-இல் சான் பிரான்சிஸ்கோ பேராலயத்தில் தம் முதல் திருவிசை அரங்கை நிகழ்த்தினார். மேரி லூ வில்லியம்ஸ் என்னும் பியானோப் பெண்மணி இயற்றிய திருப்பலி இசை 1975-இல் நியூயார்க் பேராலயத்தில் ஒலித்தது. நம் கீர்த்தனைகளின் மெட்டுகளும் எங்கெங்கிருந்து வந்தன என்று ஆராயப் புகுந்தால், கல்லெறிய நம்மில் ஒருவரும் நிற்கமாட்டோம்.

ஆயினும் ஜாஸை நம் ஆலயங்களில் புகுத்த வேண்டுமென்பது நம் கருத்தன்று. அது மீண்டும் ஓர் இறக்குமதியே ஆகும். நாம் வேண்டுவன மூன்று.

முதலாவது, இறையியல் மாணவர் ஒவ்வொருவரும் தம் பயிற்சிக் காலத்தில் ஒரு நாட்டுப்புறக் கலைஞரிடம் மாணவராய் அமர்தல் வேண்டும். அக்கலைஞரைக் கல்லூரி ஆசிரியருக்குரிய மதிப்போடும் ஊதியத்தோடும் அழைத்தல் வேண்டும். வேடிக்கைக்கு அழைத்து விருந்தோடு அனுப்பிவிடுதல் ஆகாது.

இரண்டாவது, பொறித்தாளத்தை ஒரு ஞாயிறேனும் நிறுத்தி, சபையார் தம் கையாலும் மூச்சாலும் பாடக் கேட்போம். முதற்பாட்டு தடுமாறும். மூன்றாம் பாட்டில் ஒருவர் மற்றவருக்காகக் காத்திருக்கக் கற்றுக்கொள்வர். சபை என்பதன் பொருளும் அதுவே.

மூன்றாவது, நம் மக்களின் துயரைச் செவிமடுத்து வழிபாட்டில் ஏறெடுத்தல் வேண்டும். 2012 செப்டம்பர் 5 அன்று சிவகாசியையடுத்த முதலிப்பட்டியில் நேர்ந்த பட்டாசு ஆலை வெடிவிபத்தில் முப்பதுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். அதற்கு முன்னும் பின்னும் நேர்ந்தவை பல. ஒவ்வொரு முறையும் நாம் நிவாரணம் திரட்டினோம், அடக்கம் செய்தோம், இரங்கல் தீர்மானம் எழுதினோம். பிழைத்தோர் இரவில் காணும் கனவு என்னவென்று கேட்டவர் நம்மில் எத்தனை பேர்? படைவீரரின் கனவைக் கேட்க ஒரு பியானோக் கலைஞருக்குப் பொழுதிருந்தது. கந்தகம் படிந்த விரல்களோடு திருவிருந்துக்குக் கை நீட்டுவோரின் கனவைக் கேட்க நமக்கும் பொழுது வேண்டும். அவர்களுடைய புலம்பல் நம் ஆராதனை முறைமையில் ஒரு பக்கமாயினும் பெறுமாயின், சங்கீதப் புத்தகத்தின் மூன்றிலொரு பங்கு ஏன் புலம்பலாயிருக்கிறது என்பது நம் மாணவர்க்கு விளங்கும்.

பாபிலோன் ஆற்றங்கரையில் சிறைப்பட்டோர், அந்நிய நாட்டில் ஆண்டவரின் பாட்டை எப்படிப் பாடுவது என்று கலங்கியதை 137-ஆம் சங்கீதம் காட்டுகிறது. அமெரிக்காவின் அடிமைகள் அக்கேள்விக்குப் பாடியே விடை தந்தனர். அவ்விடையைக் கற்கத் தமிழ்ப் பெற்றோரின் மகன் ஒருவர் ஓக்லந்துக்குச் சென்றார். நாம் அவ்வளவு தொலைவு செல்ல வேண்டியதில்லை. சுவரோரம் சாய்த்து வைக்கப்பட்ட பறை நம் சேகரத்திலேயே இருக்கிறது. அதற்குரியவர் வீட்டுக்கு நாமே நடந்து சென்று, கற்றுத்தரும்படி கேட்க வேண்டும். அவர் மறுத்தால் அதற்கும் செவிகொடுப்போம்; இசைந்தால் திண்ணையில் அவர் காட்டும் இடத்தில் அமர்வோம்.